எந்தப் பெண்ணின் மரபு?

(வெள்ளி விழா மகளிர் அரங்கில் நிகழ்த்திய உரை)

 

25 ஆண்டுகள் என்பது ஒரு தலைமுறையின் காலம். சங்கம் தோன்றிய நாளில் தொட்டிலில் கிடந்த குழந்தை இன்று பட்டம் பெற்று, பணியில் அமர்ந்து, திருமணத்திற்குக் காத்து நிற்கும் காலம். இந்நன்னாளில் 'இந்தியப் பெண்களின் வாழ்க்கை முறையும் பண்பாட்டு மரபுகளும்' என்னும் பொருள் பற்றி உரையாற்றுமாறு என்னைப் பணித்திருக்கிறீர்கள். பொருள் பெரிது, நேரமோ சிறிது. ஆகவே ஒரே ஒரு வினாவை உங்கள் முன் வைத்து, அதற்கு விடை தேட முயல்கிறேன். இந்தியப் பெண்ணின் மரபு என்று மேடைதோறும் பேசுகிறோமே, அஃது எந்தப் பெண்ணின் மரபு?

இந்தியப் பெண் என்றதும் ஓர் உருவம் நம் முன் தீட்டப்படுகிறது. அவள் வைகறையில் எழுவாள், நீராடுவாள், கோலமிடுவாள், கணவன் உண்டபின் உண்பாள், வாசற்படி தாண்டாள், கணவனை இழந்தால் பூவும் பொட்டும் துறந்து ஒரு மூலையில் ஒடுங்கிக் கிடப்பாள். இதுவே பாரதப் பெண்மை என்பர். நான் கேட்கிறேன்: தஞ்சைத் தரணியில் பொழுது புலருமுன் சேற்றில் இறங்கி நாற்று நட்டாளே, அவள் இந்தியப் பெண் இல்லையா? வட மாநிலங்களின் சிற்றூர்களில் மேல்சாதி வீட்டுக் குழந்தைகளின் தொப்புள்கொடியை அறுத்து, அவர்களை முதன்முதலாகக் கையில் ஏந்தியவள் பெரும்பாலும் சமார் முதலிய வகுப்புகளைச் சேர்ந்த மருத்துவச்சியே. தொட்டால் தீட்டு என்று ஒதுக்கப்பட்ட அதே கைகளில்தான் அவ்வீட்டின் வாரிசு வந்து விழுந்தது. அவள் இந்தியப் பெண் இல்லையா? அவளுக்கென்று ஒரு வாழ்க்கை முறையும் மரபும் இல்லையா?

பண்டித ரமாபாய் அம்மையார் 1887-இல் அமெரிக்காவில் ஒரு நூல் வெளியிட்டார். அதற்கு அவர் இட்ட பெயர் 'உயர்சாதி இந்துப் பெண்' என்பதாகும். தாம் யாரைப் பற்றி எழுதுகிறோம் என்பதில் அவ்வம்மையாருக்குத் தெளிவு இருந்தது. பின்வந்தோர் பலருக்கு அத்தெளிவு இல்லாமற்போயிற்று. உயர்சாதிப் பெண்ணின் துயரமே இந்தியப் பெண்ணின் துயரம் என்றும், அவள்மீது சுமத்தப்பட்ட கட்டுப்பாடே இந்தியப் பெண்ணின் பண்பாடு என்றும் எழுதி வைத்தனர். 1829-இல் வங்காளத்தில் உடன்கட்டை ஏறுதல் தடை செய்யப்பட்டது. 1856-இல் கைம்பெண் மறுமணச் சட்டம் வந்தது. இவற்றையே பெண் விடுதலை வரலாற்றின் தொடக்கமாகப் படிக்கிறோம். அச்சட்டங்கள் வேண்டியவையே, அவற்றால் உயிர் பிழைத்தவர்களும் உண்டு. ஆனால் உழைக்கும் மக்களின் குடிசைகளில் நிலைமை வேறாக இருந்தது. அங்கே கணவனை இழந்தவள் மூலையில் முடங்கிக் கிடக்க இயலாது; துக்கம் ஆறுமுன்பே கூலிக்குப் போக வேண்டும். பல வகுப்புகளில் அவள் விரும்பினால் வேறொருவனை மணந்துகொள்ளவும் ஊரார் இசைந்தனர். வாழ இயலாத திருமணத்தைப் பஞ்சாயத்தார் முன் தீர்த்துக்கொள்ளும் வழக்கமும் இருந்தது.

தமிழ்நாட்டில் இதற்கு 'அறுத்துக் கட்டுதல்' என்று பெயர். இப்பெயர் எப்படி வழங்கிற்று என்பதை மூத்தோர் அறிவர். 'அறுத்துக் கட்டுற சாதிதானே' என்று நம் மக்களைப் பார்த்து ஏளனமாகச் சொன்னார்கள். அவ்வசையைக் கேட்டு நாமும் தலைகுனிந்தோம். ஆனால் எண்ணிப் பாருங்கள்! மணவிலக்குப் பெறும் உரிமையை இந்துப் பெண்களுக்கு 1955-ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம் வழங்கியது. அச்சட்டத்தின் 29-ஆம் பிரிவு, வழக்கத்தால் ஏற்கெனவே நிலவிய மணவிலக்கு உரிமை செல்லும் என்றும் ஏற்றுக்கொண்டது. அதாவது, எதனைச் சொல்லி நம்மை இழித்தார்களோ, அதனையே நாடு பின்னர்ச் சட்டமாக்கிக்கொண்டது. இழிவு என்று அவர்கள் சொன்னது நம் பெண்களின் உரிமை.

இன்னொரு செய்தியையும் கூறவேண்டும். 1856-ஆம் ஆண்டுச் சட்டம், மறுமணம் செய்துகொள்ளும் கைம்பெண் முதற்கணவனின் சொத்தில் தனக்குள்ள உரிமையை இழப்பாள் என்று விதித்தது. மறுமணம் வழக்கமாகவே இருந்த வகுப்புகளின் பெண்களுக்கும் இவ்விதி பொருந்தும் என்று சென்னை, பம்பாய், கல்கத்தா உயர்நீதிமன்றங்கள் தீர்ப்பளித்தன. அலகாபாத் உயர்நீதிமன்றம் மட்டும் மாறாகக் கருதிற்று. ஒரு சாராரின் மரபை எல்லாருடைய மரபாகவும் கொண்டால், உரிமை வழங்க வந்த சட்டமே உரிமையைப் பறிக்கும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

இனி, நம் பெண்களின் மரபு என்று கூறப்படுபவை எல்லாம் போற்றத்தக்கனவா என்று கேட்பீர்கள். இல்லை. அவற்றுள் நாமே விரும்பிக் கொண்டவையும் உண்டு. பிறர் நம்மேல் சுமத்தியவையும் உண்டு. இவ்விரண்டையும் பிரித்தறிய வேண்டும்.

சுமத்தப்பட்டவை எவை? திருவிதாங்கூரில் ஒடுக்கப்பட்ட சாதிப் பெண்கள் மார்பை மறைத்து மேலாடை அணியலாகாது என்பது அக்காலத்துக் கட்டளை. இதனை எதிர்த்து அங்குள்ள சாணார் குலப் பெண்கள் நெடுங்காலம் அடியும் அவமானமும் ஏற்றுப் போராடினர். 1859 ஜூலை 26-இல் அரசர் ஓர் அறிவிப்பு வெளியிட்டு அவர்கள் மேலாடை அணிய இசைந்தார். அப்போதும் உயர்சாதிப் பெண்களைப் போல் அணியலாகாது என்று ஒரு நிபந்தனை விதித்தார். புலையர் முதலிய பிற மக்களுக்கு அவ்வுரிமை எட்ட மேலும் பல்லாண்டுகள் ஆயின. புலையப் பெண்கள் பொன்னும் வெள்ளியும் பூணக் கூடாது. கல்மணி மாலைகளையே கழுத்தில் அணிய வேண்டும் என்பது வழக்கம். பார்ப்போர்க்கு அது 'மரபு அணிகலன்' போலத் தோன்றியிருக்கும். உண்மையில் அஃது அடிமைச் சின்னம். மாவீரர் அய்யன்காளி அதனைக் களைந்தெறியுமாறு அறைகூவல் விடுத்தார். 1915-இல் கொல்லத்தை அடுத்த பெரிநாட்டில் கலவரம் மூண்டது, குடிசைகள் எரிந்தன. பின்னர்க் கொல்லத்தில் கூடிய பெருங்கூட்டத்தில், அப்பெண்கள் தங்கள் கல்மாலைகளை அறுத்தெறிந்தனர்.

பெயரிலும் இத்தகைய கட்டுப்பாடு இருந்தது. கொச்சிக்கு அருகே முளவுகாட்டில் 1912-இல் ஒரு புலையர் குடும்பத்தில் பிறந்த பெண்ணுக்குத் 'தாட்சாயணி' என்று பெயரிட்டனர் பெற்றோர். உயர்சாதியினர் இடும் அப்பெயரை இவர்கள் இடுவதா என்று சுற்றியிருந்தோர் வியந்தனர், சினந்தனர். அந்தத் தாட்சாயணி வேலாயுதன் அம்மையார் வேதியியலில் பட்டம் பெற்றார். கல்லூரி ஆய்வுக்கூடத்தில் உயர்சாதி ஆசிரியர் அவருக்குச் சோதனைகளை அருகில் வைத்துக் காட்ட மறுத்தார். தொலைவில் நின்று பார்த்தே அவர் கற்றார். 1946-இல் கூடிய அரசியல் நிர்ணய சபையில் இடம்பெற்ற ஒரே தலித் பெண் உறுப்பினர் அவரே. தீண்டாமையை ஒழித்த அரசியல் சட்டத்தை இயற்றிய அவையில், தீண்டாமையின் வலியறிந்த ஒரு பெண்ணும் அமர்ந்திருந்தார் என்பது நமக்கெல்லாம் பெருமை.

பொட்டுக்கட்டும் வழக்கத்தையும் இங்கே சுட்ட வேண்டும். ஆந்திரம், கருநாடகம் முதலிய பகுதிகளில் கடவுளின் பெயரால் தலித் சிறுமியரைப் பொட்டுக்கட்டி விட்டுப் பின்னர் ஊர்ச் செல்வர்களின் இச்சைக்கு ஆளாக்கினர். கருநாடகம் 1982-இலும், ஆந்திரம் 1988-இலும் இதனைத் தடுக்கச் சட்டம் இயற்றின. இதையும் மரபு என்றுதான் சொன்னார்கள். பக்தி என்னும் போர்வையைப் போர்த்திக்கொண்டு வந்தாலும் கொடுமை கொடுமையே.

நமக்கே உரியவை எவை? முதலாவது, உழைப்பு. நம் பாட்டிமார் எவர் கையையும் எதிர்பார்த்து உண்டவர் அல்லர். தான் ஈட்டிய நெல்லைத் தன் முந்தானையில் முடிந்து வந்தவர்கள். இரண்டாவது, பரிசம். நம் வகுப்புகளில் மாப்பிள்ளை வீட்டார்தாம் பெண்ணுக்குப் பரிசம் போட்டார்கள். பெண் பிறந்தால் செலவு என்னும் அச்சம் அன்று இல்லை. மூன்றாவது, முன்னர்க் கூறிய மறுமண உரிமை. நான்காவது, பாட்டு. நடவுப் பாட்டும் தாலாட்டும் ஒப்பாரியும் எழுத்தறியாப் பெண்கள் ஆக்கிய இலக்கியம். பண்ணையாரின் கொடுமையையும், கணவனின் குடியையும், கூலி குறைந்ததையும் அப்பாட்டுக்குள் வைத்துப் பாடினார்கள். நேரில் சொல்ல முடியாததை நிரை பிடித்து நடும்போது சொன்னார்கள். புதுவைக்கு அருகே வாழ்ந்த வீரம்மா என்னும் வயற்கூலிப் பெண்மணி தம் வாழ்க்கையையும் பாட்டுகளையும் எடுத்துரைக்க, அது 1995-இல் பிரெஞ்சு மொழியில் நூலாயிற்று; பின்னர் ஆங்கிலத்திலும் வந்தது. பாமா அவர்கள் 1994-இல் எழுதிய 'சங்கதி', நம் பெண்களின் பேச்சையும் சிரிப்பையும் சினத்தையும் தமிழிலக்கியத்தில் இடம்பெறச் செய்தது.

ஆயினும் பழமையில் எல்லாம் நன்று என்று நான் சொல்லவில்லை. நம் பாட்டிமார் ஈட்டிய கூலி ஆண் கூலியினும் குறைவு. அதனையும் கள்ளுக்கடைக்குக் கொண்டுபோன கணவன்மார் உண்டு. தம்பியைப் பார்த்துக்கொள்ளப் படிப்பை இழந்த சிறுமியர் எண்ணிறந்தோர். பரிசம் போட்டதனாலேயே பெண்ணை வாங்கியதாக எண்ணி அடித்தவர்களும் இருந்தனர். கூலி உயர்வு கேட்ட குற்றத்திற்காக 1968 டிசம்பர் 25-இல் கீழ்வெண்மணியில் 44 பேர் குடிசையோடு எரிக்கப்பட்டனர். அவர்களுள் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளுமே. உழைக்கும் பெண்ணின் வாழ்க்கையைப் பற்றிப் பேசும் எவரும் இதனை மறந்து பேசலாகாது.

இப்போது நான் சொல்ல வந்த முதன்மையான செய்திக்கு வருகிறேன். சுமத்தப்பட்டவற்றைக் களைந்தெறிந்தோம், நன்று. ஆனால் அவற்றோடு சேர்த்து நமக்கே உரிய நல்லனவற்றையும் எறிந்துவிட்டுப் பிறருடைய விலங்குகளைப் பொன் என்று எண்ணிப் பூட்டிக்கொள்கிறோமோ என்று நான் அஞ்சுகிறேன். மேலேற விரும்பும் சாதிகள் மேல்சாதியாரின் பழக்கங்களைப் பின்பற்றுவதை அறிஞர் எம். என். சீனிவாஸ் தம் ஆய்வுகளில் விளக்கியுள்ளார். அப்படிப் பின்பற்றும்போது முதலில் கட்டுண்பவள் பெண்ணே. கைம்பெண்ணின் மறுமணம் நிறுத்தப்படும். பெண் வேலைக்குப் போவது கௌரவக் குறைவாகும். பரிசம் போய் வரதட்சணை வரும்.

இது நம் தெருக்களில் நடக்கவில்லையா? ஓர் இளைஞன் இந்நாட்டின் இடஒதுக்கீட்டால், சங்கங்கள் தந்த உதவித் தொகையால், கூலி வேலை செய்த தாயின் வியர்வையால் படிக்கிறான்; அரசுப் பணியில் சேர்கிறான். சேர்ந்த மறுமாதமே வீட்டில் பவுன் கணக்குப் பேசப்படுகிறது. 'நாங்கள் ஒன்றும் கேட்கவில்லை, உங்கள் பெண்ணுக்கு நீங்கள் செய்வதைச் செய்யுங்கள்' என்று நயமாகச் சொல்கிறார்கள். அந்தப் பெண்ணின் தந்தையும் நம்மவர்தாம். அவர் வீட்டு மனையை அடகு வைக்கிறார். அல்லது இளைய மகளின் படிப்பை நிறுத்துகிறார். ஒரு வீட்டுப் பட்டம் இன்னொரு வீட்டுப் படிப்பை விழுங்குகிறது. வரதட்சணை வாங்குவதும் கொடுப்பதும் 1961 முதல் சட்டப்படி குற்றம். சட்டம் இருக்கட்டும், நமக்கு அது மரபுப்படியும் அயலானதே. நம் பாட்டனார் பரிசம் போட்டுப் பெண் கேட்டார். பேரன் பவுன் கேட்கிறான். இதற்குப் பெயர் முன்னேற்றமா?

இங்கே மாணவர் ஒருவர் எழுந்து ஒரு தடை எழுப்பக்கூடும். 'உயர்சாதியாரைப் போல் மேலாடை அணியப் போராடியது சரி என்கிறீர்கள். தாட்சாயணி என்று பெயரிட்டது சரி என்கிறீர்கள். வரதட்சணையை மட்டும் ஏன் போலித்தனம் என்கிறீர்கள்?' என்று கேட்கலாம். நல்ல கேள்வி. இதற்கு விடையை அண்ணல் அம்பேத்கரிடமே காணலாம். 1927 டிசம்பரில் மகாடில், மனுஸ்மிருதியை எரித்த மாநாட்டை அடுத்து, அவர் பெண்களை நோக்கித் தனியே உரையாற்றினார். தீண்டத்தகாதவர் என்று அடையாளம் காட்டும் முறையில் சேலை உடுத்தாதீர்கள் என்றும், அவ்வாறே அடையாளம் காட்டும் கனத்த நகைகளைக் கழற்றிவிடுங்கள் என்றும் கூறினார். ஆண்பிள்ளைகளோடு பெண்பிள்ளைகளையும் படிக்க வையுங்கள் என்றார். கணவனோ மகனோ குடித்துவிட்டு வந்தால் சோறு போடாதீர்கள் என்றும் சொன்னார். அப்பெண்கள் சேலை உடுத்தும் முறையை உடனே மாற்றிக்கொண்டனர். 1942 ஜூலை 20-இல் நாகபுரியில் நடந்த ஒடுக்கப்பட்ட வகுப்புப் பெண்கள் மாநாட்டிலோ, ஒரு சமுதாயத்தின் வளர்ச்சியை அதன் பெண்கள் அடைந்த வளர்ச்சியைக் கொண்டே தாம் அளப்பதாகக் கூறினார். மனைவி கணவனுக்குத் தோழியாகவும் சமமானவளாகவும் இருக்க வேண்டுமேயன்றி அடிமையாக இருக்கலாகாது என்றும் அறிவுறுத்தினார்.

இதில் ஓர் அளவுகோல் இருக்கிறது. ஒரு பழக்கம் யாரிடமிருந்து வந்தது என்பதன்று கேள்வி. அதனால் நம் பெண் நிமிர்கிறாளா, குனிகிறாளா என்பதே கேள்வி. மேலாடை அவளை நிமிர்த்தியது, கொள்வோம். படிப்பு அவளை நிமிர்த்துகிறது, கொள்வோம். வரதட்சணை அவளையும் அவளைப் பெற்றவரையும் குனிய வைக்கிறது, தள்ளுவோம். நம் பழைய பழக்கமாயினும், பெண்ணை அடிப்பது அவளைக் குனிய வைக்கிறது, அதனையும் தள்ளுவோம்.

படிப்பைப் பற்றிச் சில சொற்கள். ஜோதிராவ் பூலேயும் சாவித்திரிபாய் பூலேயும் 1848-இல் பூனாவில் பெண்களுக்குப் பள்ளி தொடங்கினர். சாவித்திரிபாய் பள்ளிக்குச் செல்லும் வழியில் அவர்மேல் சாணமும் சேறும் எறிந்தனர். அவர் மாற்றுச் சேலையொன்றைக் கையோடு எடுத்துச் சென்றார். அவர்கள் பள்ளியில் மூன்றாண்டுகள் படித்த முக்தா சால்வே என்னும் மாங் வகுப்புச் சிறுமி, 1855-இல் மகர், மாங் மக்களின் துயரத்தைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினாள். அது 'ஞானோதயா' இதழில் வெளிவந்தது. தம் பெண்கள் பிள்ளை பெறும்போது தலைக்குமேல் ஒரு கூரையும் இல்லாமல் மழையிலும் குளிரிலும் படும் பாட்டை அதில் எடுத்துரைத்தாள். மூன்றே ஆண்டுக் கல்வி ஒரு சிறுமிக்கு அத்துணைத் துணிவைத் தந்தது.

அதன்பின் நாம் கடந்து வந்த தொலைவு சிறிதன்று. 1961-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் பட்டியல் சாதிப் பெண்கள் நூற்றுவரில் எழுத்தறிந்தவர் மூவரே. 2011-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் அவ்வெண்ணிக்கை 56-ஐத் தாண்டிற்று. ஆனால் அதே கணக்கில் நம் ஆண்களோ 75 பேர். ஒரே குடிசையில் பிறந்த அண்ணனுக்கும் தங்கைக்கும் இடையே ஏறத்தாழ 19 பேர் அளவிற்கு இடைவெளி! இவ்விடைவெளியை முற்றிலும் வெளியார் உண்டாக்கினர் என்று சொல்ல முடியுமா? நம் வீட்டுத் திண்ணையில் அமர்ந்து நாமும் அல்லவா உண்டாக்கினோம்!

தமிழ்நாட்டில் 1989 முதல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் ஏழைப் பெண்களுக்குத் திருமண உதவி வழங்கப்பட்டது. 2022-இல் அத்திட்டம், அரசுப் பள்ளியில் படித்து உயர்கல்வி பயிலும் மாணவியர்க்கு மாதம் 1,000 ரூபாய் வழங்கும் புதுமைப்பெண் திட்டமாக மாறிற்று. தாலிக்கென்று தந்த பணம் ஏட்டிற்கென்று மாறியது காலத்தின் அறிகுறி. அரசு மாற்றிக்கொண்டதை நாமும் மாற்றிக்கொள்ள வேண்டாமா? மகளின் கல்யாணத்திற்கென்று சிறுகச் சிறுகச் சேர்க்கும் பணத்தை அவள் கல்விக்குச் செலவிடுங்கள். பவுனைக் கடைக்காரன் எடைபோட்டுக் கழிப்பான். படிப்பை எவனும் கழிக்க முடியாது.

ஆகவே, இவ்வெள்ளி விழா ஆண்டில் நம் இளைஞர்களிடம் சிலவற்றைக் கேட்டுக்கொள்கிறேன். சங்கத்தின் உதவியால் படித்தவர் எவரும் வரதட்சணை வாங்குவதில்லை என்று உறுதி ஏற்க வேண்டும். சிக்கனமான திருமணத்திற்கு நம் நாட்டில் வழியில்லாமல் இல்லை. புரோகிதரும் பெருஞ்செலவும் இன்றி நடைபெறும் சுயமரியாதைத் திருமணங்களைத் தமிழக அரசு 1967-இலேயே சட்டமாக்கிவிட்டது. பெண்ணுக்கும் சொத்தில் சம பங்கு உண்டு என்று தமிழ்நாடு 1989-இலும், இந்திய நாடு முழுவதும் 2005-இலும் சட்டம் கொண்டன. நம்மவரிடம் உள்ளது அரை ஏக்கரோ, மூன்று சென்ட் மனையோ, எதுவாயினும் அதன் பட்டாவில் பெண்ணின் பெயரும் இருக்கட்டும். படித்த தங்கை வேலைக்குப் போனால், வீட்டு வேலையில் பாதியை அண்ணன் ஏற்கட்டும். குடம் எடுத்தால் ஆண்மை குறையாது.

மாணவியர்க்கும் ஒரு வேண்டுகோள். உங்கள் பாட்டிமார் இன்னும் உயிரோடிருக்கிறார்கள். விடுமுறையில் ஊருக்குப் போகும்போது அவர்கள் அருகில் அமருங்கள். அவர்கள் பாடிய நடவுப் பாட்டுகளையும், வாங்கிய கூலியையும், பட்ட அவமானத்தையும், எதிர்த்து நின்ற நாள்களையும் கேட்டு எழுதி வையுங்கள். எழுதாவிட்டால் அவை அவர்களோடு மறையும். பின்னர் இந்தியப் பெண்ணின் மரபை எழுதுகிறவர்கள் மீண்டும் நம்மை விட்டுவிட்டே எழுதுவார்கள். பாட்டி படிக்கவில்லை என்று நாணாதீர்கள். பாட்டியின் அஞ்சாமையும் பேத்தியின் படிப்பும் ஒன்று சேருமாயின், அதனினும் சிறந்த பண்பாடு இந்நாட்டில் வேறில்லை.

இச்சங்கம் தொடங்கியபோது எத்தனை பிள்ளைகள் படித்தார்கள் என்று கணக்கெடுத்தோம். பொன்விழாவின்போது எத்தனை பெண்கள் தம் வாழ்வைத் தாமே தீர்மானித்தார்கள் என்று கணக்கெடுக்கும் நிலை வர வேண்டும். அதற்கு இன்றே உழைப்போம்.